ராணி பாக் யானையும் ஒரு வாய் தண்ணியும்

மும்பையில இருக்கிற தமிழ்க் குடும்பங்களை ரெண்டு வகையா பிரிச்சுடலாம். ஊர்ல இருந்து சொந்தக்காரங்க வந்தா கேட்வே ஆஃப் இந்தியாவுக்குக் கூட்டிட்டுப் போறவங்க ஒரு வகை. பைகுல்லா ராணி பாக்குக்குக் கூட்டிட்டுப் போறவங்க இன்னொரு வகை. நாங்க ரெண்டாவது வகை. செம்பூர்ல இருந்து குர்லா போய் வண்டி மாறினா பைகுல்லா வந்துடும். ஸ்டேஷன்ல இறங்கி நடந்தே போயிடலாம். நிழல் இருக்கு, உட்கார இடம் இருக்கு, குழந்தைங்க ஓடியாட இடம் இருக்கு. முழங்கால் வலிக்கிற பெரியம்மாவையும் சும்மா இருக்க முடியாத அக்கா பையனையும் ஒரே இடத்துல சமாளிக்கலாம். இந்த ஊர்ல அப்படி எத்தனை இடம் இருக்கு, நீங்களே சொல்லுங்க.

அங்க எல்லாரும் நேரா பெங்குவின் பார்க்கத்தான் ஓடுவாங்க. 2016-ல சியோல்ல இருந்து எட்டு ஹம்போல்ட் பெங்குவின்களைக் கொண்டு வந்தாங்க. அதுக்கு அடுத்த வருஷம், 2017-ல, டிக்கெட் விலையையும் ஏத்தினாங்க. அஞ்சு ரூபாயா இருந்த பெரியவங்க டிக்கெட் அம்பது ரூபாய் ஆச்சு. அப்பா, அம்மா, ரெண்டு குழந்தைங்க சேர்ந்த குடும்பத்துக்கு நூறு ரூபாய். அப்ப பெரிய சண்டையே நடந்தது. அதைப் பத்தி இன்னொரு நாள் பேசலாம்.

இன்னைக்கு நான் சொல்ல வந்தது சாப்பிடாத, தூங்காத, கூண்டுக்குள்ள இல்லாத மிருகங்களைப் பத்தி. ஒரு கல் யானை, ஒரு வெண்கலக் குதிரை. கூடவே இந்த ஊர்க்காரங்க 'பியாவ்'னு சொல்ற கல் தண்ணீர்ப் பந்தல்கள். இது மூணையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பார்த்தா, செத்துப்போனவங்களை எப்படி ஞாபகம் வெச்சுக்கணும்ங்கறதுக்கு ஒரு பதில் கிடைக்குதுன்னு எனக்குத் தோணுது. அந்த பதில் நம்ம மாதிரி பிழைக்க வந்தவங்களுக்கு ரொம்ப முக்கியம்னும் தோணுது.

முதல்ல இடத்தைப் பத்திக் கொஞ்சம். 1862-ல விக்டோரியா கார்டன்ஸ்ங்கற பேர்ல தாவரத் தோட்டமாத் திறந்தாங்க. மிருகங்கள் எல்லாம் பின்னாடி வந்து சேர்ந்ததுதான். ஜனங்க வாயில அது ராணி பாக். சுதந்திரத்துக்கு அப்புறம் சிவாஜி மகாராஜோட அம்மா பேரை வெச்சு வீரமாதா ஜீஜாபாய் போஸலே உத்யான் ஆச்சு. ராணி போயி ராஜமாதா வந்தாங்க, ஆனா டாக்ஸிக்காரர்கிட்ட 'ராணி பாக்'னு சொன்னாத்தான் வண்டி நகரும். அதே வளாகத்துல 1872-ல திறந்த பழைய விக்டோரியா ஆல்பர்ட் மியூசியம் இருக்கு. 1975-ல இருந்து அது டாக்டர் பாவு தாஜி லாட் மியூசியம். வாசல் பக்கம் 1865-ல டேவிட் சசூன் பேர்ல கட்டின மணிக்கூண்டு நிக்குது.

<b>யானை</b>

மியூசியம் பக்கத்துல கருங்கல்லுல ஒரு யானை நிக்கும். பெரும்பாலானவங்க அதைப் பார்த்து "பார்க்குக்கு அழகுக்காக வெச்ச பொம்மை"ன்னு நினைச்சுட்டுப் போயிடுவாங்க. குழந்தையைப் பக்கத்துல நிறுத்தி ஒரு போட்டோ, அதோட சரி.

உண்மையில அந்த யானை ஒரு தீவுக்கே பேர் கொடுத்த யானை. கேட்வேல இருந்து படகு ஏறிப் போற எலிஃபெண்டா குகை இருக்கு இல்லையா, அந்தத் தீவோட சொந்தப் பேரு காராபுரி. அங்க போன போர்த்துகீசியர்கள் கரையோரம் நின்ன இந்தக் கல் யானையைப் பார்த்துட்டு வெச்ச பேர்தான் எலிஃபெண்டா. காலப்போக்குல அதோட தலையும் கழுத்தும் உடைஞ்சு விழுந்தது. 1864-ல வெள்ளைக்காரங்க இதை இங்கிலாந்துக்குக் கொண்டு போகப் பார்த்தாங்க. தூக்கும்போது கிரேன் முறிஞ்சு யானை துண்டு துண்டாப் போச்சு. அந்தத் துண்டுகளைக் கொண்டுவந்து இந்தத் தோட்டத்துல போட்டாங்க. பல வருஷம் அப்படியே கிடந்ததை 1914-ல காடெல், ஹெவெட்னு ரெண்டு பேர் முயற்சி எடுத்துத் திரும்பப் பொருத்தி நிக்க வெச்சாங்க.

ஆக, பேர் வாங்கின யானை இங்க நிக்குது, பேர் மட்டும் அங்க தீவுல இருக்கு. பிறந்த ஊரை விட்டு வந்து, வழியில நொறுங்கி, ஒட்டுப்போட்டு, இங்கயே நின்னுட்ட ஒரு ஜீவன். நம்ம கதை மாதிரி இல்ல?

2009-ல மத்திய மிருகக்காட்சிசாலை ஆணையம், மிருகக்காட்சிசாலைகள்ல யானை வெச்சிருக்கக் கூடாதுன்னு முடிவெடுத்தது. நடந்தே பழகின மிருகத்தை நாலு சுவத்துக்குள்ள கட்டிப்போடறது பாவம்ங்கறது சரியான நியாயம்தான். இனிமே வர்ற தலைமுறைக்கு மிருகக்காட்சிசாலைல பார்க்கக் கிடைக்கற யானை இந்த மாதிரி கல் யானைதான்னு ஆகலாம். அப்படின்னா அதோட கதையைக் குழந்தைங்களுக்குப் புரியற மாதிரி மராத்தியிலயும் ஹிந்தியிலயும் பெருசா எழுதி, எல்லார் கண்லயும் படற மாதிரி வைக்கறது எவ்வளவு முக்கியம்! பெங்குவினுக்குக் கிடைக்கற விளம்பரத்துல கால்வாசி போதும்.

<b>குதிரை</b>

அடுத்து காலா கோடா. தென் மும்பையில ஒரு பகுதிக்கே 'காலா கோடா' (கறுப்புக் குதிரை)ன்னு பேர். வருஷா வருஷம் அங்க கலைவிழா நடக்கும், நம்மள்ல நிறைய பேர் போயிருப்பீங்க. அந்தக் குதிரை எங்கன்னு கேட்டா பாதிப் பேருக்குத் தெரியாது. அதுவும் ராணி பாக்லதான் இருக்கு.

1875-76ல வேல்ஸ் இளவரசர், பின்னாடி ஏழாம் எட்வர்ட் ஆனவர், பம்பாய்க்கு வந்தார். அந்த வருகையோட ஞாபகமா டேவிட் சசூனோட மகன் ஆல்பர்ட் சசூன் காசு கொடுத்து, ஜோசப் எட்கர் போம்ங்கற சிற்பி செஞ்ச வெண்கலச் சிலை 1879-ல திறந்தாங்க. இளவரசர் குதிரை மேல உட்கார்ந்திருப்பார். சுதந்திரத்துக்கு அப்புறம் இந்த மாதிரி சிலைகள் மேல ஜனங்களுக்குக் கோபம் இருந்தது. 1965-ல நகரத்துல இருந்த வெள்ளைக்கார சிலைகளை எல்லாம் எடுத்தப்போ இதையும் எடுத்து இங்க கொண்டுவந்து வெச்சாங்க.

இதுல எனக்குப் பிடிச்ச விஷயம் ஒண்ணு இருக்கு. ராஜாவுக்காக வெச்ச சிலை, ஆனா ஜனங்க ஒரு நாளும் அதை ராஜா சிலைன்னு கூப்பிடவே இல்லை. கறுப்புக் குதிரைன்னுதான் கூப்பிட்டாங்க. 2017-ல பழைய இடத்துல புதுசா ஒரு குதிரையை நிறுத்தினப்போ, மேல ஆளே இல்லாம வெறும் குதிரையாத்தான் வெச்சாங்க. மேல இருந்தவரை ஊர் மறந்துடுச்சு, சுமந்ததை மட்டும் ஞாபகம் வெச்சிருக்கு. கோடிக் கோடியா செலவழிச்சு சிலை வைக்கறவங்க எந்தக் கட்சியா இருந்தாலும், ஒரு தடவை பைகுல்லா வந்து இந்தக் குதிரையைப் பார்த்துட்டுப் போறது நல்லது :-)

<b>பியாவ்</b>

இப்ப மூணாவதுக்கு வர்றேன். என் மனசுக்கு ரொம்ப நெருக்கமானது இதுதான்.

1860-ல விஹார் ஏரித் தண்ணி குழாய் வழியா நகரத்துக்கு வர ஆரம்பிச்சது. அதுக்கப்புறம் பணக்கார வியாபாரிகள் மார்க்கெட், துறைமுகம், டிராம் பாதைன்னு ஜனங்க நடமாடற இடத்துல எல்லாம் கல்லுல சின்ன மண்டபம் கட்டி, குழாய் வெச்சு, யார் வேணா தண்ணி குடிக்கலாம்னு விட்டாங்க. மேல மனுஷங்களுக்குக் குழாய். நிறைய பியாவ்கள்ல கீழ மாட்டுக்கும் குதிரைக்கும் தொட்டி. ஒரே தண்ணி மேல வண்டிக்காரனுக்கு, கீழ அவனோட மாட்டுக்கு. ராணி பாக் உள்ளயே சேட் சாமல்தாஸ் நர்சிதாஸ் பேர்ல ஒரு பழைய பியாவ் இருக்கு.

இந்த பியாவ்கள்ல பலது நினைவுச் சின்னம். கோட்டைப் பகுதியில முல்ஜி ஜேட்டா நீரூற்று இருக்கு. பதினஞ்சு வயசுல செத்துப்போன தன் பையன் தரம்ஸீயோட ஞாபகமா ரத்தன்ஸீ முல்ஜி கட்டினது. வரைஞ்சு கொடுத்தவர் விக்டோரியா டெர்மினஸ் கட்டின அதே எஃப்.டபிள்யூ. ஸ்டீவன்ஸ். உச்சியில ஒரு பையன் புத்தகம் படிச்சுக்கிட்டு உட்கார்ந்திருப்பான். சுத்திலும் யானைத் தலையும் மத்த மிருகங்களும். ஜி.பி.ஓ. பக்கத்துல இருக்கற கோத்தாரி பியாவ் ஒரு அப்பா தன் மகளோட ஞாபகமா வெச்சது.

யோசிச்சுப் பாருங்க. பதினஞ்சு வயசுப் பையனைப் பறிகொடுத்த அப்பா. அவர் நினைச்சிருந்தா பையனுக்கு ஒரு பளிங்கு மண்டபம் கட்டி உள்ள பூட்டி வெச்சிருக்கலாம். அதைச் செய்யாம, வெயில்ல பாரம் இழுத்துட்டு வர்ற எவனோ ஒருத்தனுக்கும் அவனோட மாட்டுக்கும் ஒரு வாய் தண்ணி கொடுத்தார். அந்தத் தண்ணியைக் குடிச்சவனுக்குப் பையன் பேர் தெரிஞ்சிருக்காது. தெரியணும்னு அப்பா எதிர்பார்த்திருக்கவும் மாட்டார்.

யானைக்குக் கதை சொல்ல ஒரு பலகை வேணும். குதிரைக்கு யாராவது விளக்கம் சொல்லணும். பியாவுக்கு எதுவுமே வேணாம், தண்ணி வந்தாப் போதும். இதனாலதான் நினைவுச் சின்னத்துல உசத்தி எதுன்னு கேட்டா நான் பியாவ்னு சொல்வேன்.

பிரச்சனையும் இங்கதான் இருக்கு. தண்ணி வரலைன்னா அது வெறும் கல். கல் யானை தண்ணி இல்லாமலே யானைதான், ஆனா காஞ்சுபோன பியாவ் பியாவே இல்லை. சமீப வருஷங்கள்ல நகரத்துல பல பியாவ்களைச் சுத்தம் பண்ணி, உடைஞ்சதைச் சரி பண்ணி எடுத்திருக்காங்க. தோபி தலாவ்ல 1867-ல வெச்ச ஃபிட்ஸ்ஜெரால்ட் நீரூற்றைக் கழட்டி இந்த மியூசியம் வளாகத்துல பல வருஷம் போட்டு வெச்சிருந்தாங்க. அதைக்கூட 2020-களோட தொடக்கத்துல பழைய இடத்துக்கே கொண்டு போய் நிறுத்திட்டாங்க. சந்தோஷம், மனசாரப் பாராட்டறேன்.

ஆனா ஒரு பழைய பியாவ் முன்னாடி (எதுன்னு சொல்ல வேண்டாம்) போன வருஷம் நின்னேன். கல்லு பளபளன்னு இருக்கு, ராத்திரிக்கு விளக்கு போட்டிருக்காங்க, குழாயைத் திருகினா காத்துதான் வருது. பக்கத்துலயே ஒருத்தர் பிளாஸ்டிக் பாட்டில்ல தண்ணி வித்துக்கிட்டு இருக்கார். இதை எப்படிப் புதுப்பிச்சதாச் சொல்றது? என்னைக் கேட்டா அளவுகோல் ரொம்ப எளிசு. மே மாசம், மத்தியானம் ரெண்டு மணிக்கு, கையில காசு இல்லாத ஒருத்தர் அங்க வந்து தண்ணி குடிக்க முடியுதா? முடிஞ்சா புதுப்பிச்சாச்சு. முடியலைன்னா வெறும் வெள்ளையடிச்சதுதான்.

<b>மறுத்துச் சொல்றவங்களுக்கு</b>

"பொதுக் குழாய்ல தண்ணி குடிச்சா காலரா வரும், எல்லார்கிட்டயும் பாட்டில் இருக்கு, இந்தக் காலத்துல யாருக்கு இது வேணும்?" இதை என் ஆஃபீஸ் நண்பர் ஒருத்தரே கேட்டார். எல்லார்கிட்டயும் பாட்டில் இருக்குன்னு சொல்றவங்க ராணி பாக்குக்கு ஒரு ஞாயித்துக்கிழமை போய்ப் பார்க்கணும். தாராவியில இருந்தும் கோவண்டியில இருந்தும் மூணு குழந்தைங்களோட வர்ற அம்மா, கொண்டு வந்த ஒரே பாட்டில் பாதி வழியிலயே காலியானதுக்கு அப்புறம் என்ன பண்ணுவாங்க? டிக்கெட்டுக்கே கணக்குப் பார்த்துட்டு வந்தவங்க ஆளுக்கொரு பாட்டில் வாங்குவாங்களா? சுத்தம்தான் பிரச்சனைன்னா ஃபில்டர் வைங்க, தொட்டியை ஒழுங்காக் கழுவுங்க. சுத்தம் இல்லைங்கறது குழாயைச் சுத்தம் பண்றதுக்குக் காரணம், மூடறதுக்குக் காரணம் இல்லை.

இன்னொரு கேள்வி கொஞ்சம் கனமானது. "இந்த சேட்டுங்க, சசூன் குடும்பம் எல்லாம் எப்படிச் சம்பாதிச்சாங்கன்னு தெரியுமா?" தெரியும். டேவிட் சசூன் 1792-ல பாக்தாத்ல பிறந்த யூதர். அங்க இருந்து தப்பிச்சு வந்து 1830-கள்ல பம்பாய்ல கடை விரிச்சவர். சீனாவுக்கு அபின் ஏத்துமதி பண்ணினதுதான் அந்தக் குடும்பத்தோட சொத்துக்குப் பெரிய காரணம். நூலகம், பள்ளி, ஆஸ்பத்திரின்னு அவங்க கொடுத்த கொடை எல்லாத்துக்கும் பின்னாடி அந்தப் பணமும் இருக்கு. இதை மறைக்கவே கூடாது. மணிக்கூண்டு பக்கத்துல வைக்கற பலகையில ரெண்டையும் எழுதட்டும். அதுக்காக அவங்க கட்டினதை இடிக்கவும் வேணாம், அவங்களைக் கோயில் கட்டிக் கும்பிடவும் வேணாம்.

எனக்கு அதுல முக்கியமாப் படறது வேற. அந்த ஆளும் வெளியூர்ல இருந்து வந்தவர். கட்ச், கத்தியவார்ல இருந்து வந்த வியாபாரிங்களும் வெளியூர்க்காரங்கதான். வந்த ஊருக்கு அவங்க ஏதோ ஒண்ணு விட்டுட்டுப் போனாங்க.

<b>நாம என்ன விட்டுட்டுப் போறோம்?</b>

இது நமக்குப் புதுசான விஷயம் ஒண்ணும் இல்லை. முப்பத்திரண்டு அறம்னு நம்ம பெரியவங்க ஒரு பட்டியல் வெச்சிருந்தாங்க. அதுல தண்ணீர்ப்பந்தல் உண்டு, விலங்குக்கு உணவு உண்டு, மாடு உடம்பைத் தேய்ச்சுக்கறதுக்கு ஆவுரிஞ்சிக் கல் நடறதுகூட உண்டு. எங்க திருநெல்வேலிப் பக்கம் பழைய பாதை ஓரத்துல சுமைதாங்கிக் கல் பார்த்திருப்பீங்க. வயித்துல பிள்ளையோட செத்துப்போன பொண்ணு ஞாபகமா நடற கல் அது. இறக்கி வைக்க முடியாத சுமையோட போனவளுக்காக, வழியில போறவங்க தலைச்சுமையை இறக்கி வைக்க ஒரு இடம். எங்க ஆச்சி இதைச் சொல்லும்போது எனக்குச் சின்ன வயசு, பெருசாப் புரியலை. முல்ஜி ஜேட்டா நீரூற்றைப் பார்த்தப்போ புரிஞ்சது. குஜராத்தி சேட்டும் தாமிரபரணிக்கரை விவசாயியும் துக்கம் வந்தப்போ ஒரே மாதிரிதான் யோசிச்சிருக்காங்க.

ஆனா நாம இப்ப என்ன பண்றோம்? மாட்டுங்காவுலயும் செம்பூர்லயும் தாராவியிலயும் மூணு நாலு தலைமுறையா இருக்கோம். கோயில் கட்டினோம், சங்கம் வெச்சோம், பள்ளிக்கூடமும் நடத்தறோம். குறைச்சலாச் சொல்லலை. ஆனா அப்பா அம்மா ஞாபகமா தர்மம் பண்ணணும்னா மட்டும் பணம் ஊருக்குப் போகுது. ஊர்க் கோயில் டியூப்லைட்ல 'உபயம்'னு பேர் எழுதறோம், வெளிச்சத்தை விட எழுத்து பெருசா இருக்கு. அந்த அப்பா நாப்பது வருஷம் மூச்சுவிட்டது இந்த ஊர்க்காத்து. குடிச்சது இந்த ஊர்த் தண்ணி. எரிச்சதும் பெரும்பாலும் இந்த ஊர்லதான். அப்படி இருக்க, அவர் பேர்ல இந்த ஊர்ல ஒரு குழாய்கூட இல்லைன்னா கணக்கு எங்கயோ இடிக்குது.

"நம்மளை இங்க வெளியூர்க்காரன்னுதானே பார்க்கறாங்க, இவங்களுக்கு எதுக்குச் செய்யணும்?"னு சிலர் கேட்பாங்க. 1960-கள்ல மதராஸிகளுக்கு எதிரா இங்க நடந்ததை எல்லாம் நேர்ல பார்த்த பெரியவங்க கேட்டா அவங்க வலி நியாயமானது, வாதாட மாட்டேன். என் வயசுக்காரங்க கேட்டா மட்டும் ஒண்ணு சொல்வேன். தண்ணி கொடுத்தவனை யாரும் 'நீ எந்த ஊரு'ன்னு கேக்கறதில்லை. இருக்கறதுக்கு உரிமை இருக்குன்னு வாயால சொல்றதை விட, நாலு பேருக்குத் தண்ணி கொடுத்துட்டு நின்னா அந்தப் பேச்சே எழாது.

பெருசா ஒண்ணும் வேண்டாம். சங்கத்துல பத்துக் குடும்பம் சேருங்க. மாநகராட்சிப் பள்ளி, ஆஸ்பத்திரி வாசல், மார்க்கெட்னு ஒரு இடம் பாருங்க. முறையா அனுமதி வாங்கி ஒரு குடிதண்ணிக் குழாய் வைங்க. கீழ நாய்க்கும் காக்காய்க்கும் ஒரு சின்னத் தொட்டி விடுங்க. பழைய பியாவ் பக்கத்துல இருந்தா அதுல தண்ணி வர்றதுக்கு வார்டு ஆஃபீஸ்ல மனு கொடுங்க. புராதனக் கட்டடம்ங்கறதால நாமளா துளை போட்டு, டைல்ஸ் ஒட்டி, அழகு பண்ணக் கூடாது. அதுக்குன்னு படிச்ச ஆளுங்க இருக்காங்க, அவங்க செய்யட்டும்.

ஒரே ஒரு நிபந்தனை. திறப்பு விழாவுக்கு ஒதுக்கற பணத்துல ஒரு பைசா மிச்சம் பண்ணினாலும் அதை ஃபில்டர் மாத்தறதுக்கும் தொட்டி கழுவற ஆளுக்கு மாசச் சம்பளத்துக்கும் எடுத்து வைங்க. அஞ்சு வருஷத்துக்கான பராமரிப்புப் பணம் கையில இல்லாம முதல் கல்லைத் தொடாதீங்க. காஞ்ச குழாய்க்கு மேல அப்பா பேரைப் பார்க்கறதை விட, பேரே இல்லாம இருக்கறது அவருக்கு மரியாதை.

வர்ற ஆடி அமாவாசைக்கு வழக்கமா ஊருக்கு அனுப்பற பணத்துல பாதியை இதுக்கு ஒதுக்க முடியுமான்னு வீட்ல பேசிப் பாருங்க. பாதிதான் கேக்கறேன், ஊர்க் கோயில் டியூப்லைட்டும் எரியட்டும்.